‘அட்மின் குடுங்க சார், பத்து நிமிஷ வேலை’: 3,870 டாலர் போச்சு

மாதம் 90 டாலரைத் தாண்டாத கிளவுட் கணக்கு. இந்த மாதம் பில் 3,870 டாலர். ஃப்ரீலான்சர்களைப் பிடித்துத் தரும் ஒரு தளத்தில், ஐந்து நட்சத்திர ‘கிளவுட் நிபுணர்’ ஒருவரிடம் ஆக்சஸ் பிரச்சினையைச் சரிசெய்யக் கொடுத்ததில் வந்தது இது. அதே தப்பை இன்னொருவர் செய்யக்கூடாது, அதனால்தான் இந்தப் பதிவு.

பிரச்சினை சின்னதுதான். சர்வர், ஸ்டோரேஜ் பக்கெட்டில் (கிளவுடில் ஃபைல் வைக்கும் இடம்) இருக்கும் ஃபைலைப் படிக்கப் போனால் ‘403 ஆக்சஸ் டினைட்’, அதாவது அனுமதி இல்லை. சர்வரின் ரோலில், அதாவது அதற்குக் கொடுத்த அனுமதித் தொகுப்பில், படிக்கும் அனுமதி இருந்தது. பழைய ஃபைல்கள் திறந்தன, ஒரு தேதிக்குப் பிறகு ஏற்றியவை மட்டும் திறக்கவில்லை. விஷயம் தெரிந்தவருக்கு இந்த ஒரு தடயம் போதும். அந்தத் தேதியில் பக்கெட்டின் என்கிரிப்ஷனை (ஃபைலைப் பூட்டும் முறை) நம் சொந்தக் கீக்கு மாற்றியிருக்கிறார்கள். புதிதாக ஏறும் ஃபைல்தான் அந்தக் கீயில் பூட்டப்படும், பழையது அப்படியே இருக்கும். ஃபைலைப் படிக்க அனுமதி இருந்து, கீயை வைத்து டிக்ரிப்ட் செய்ய (பூட்டைத் திறக்க) அனுமதி இல்லையென்றால் 403தான் வரும். ரோலின் பாலிசியில் (அனுமதி விதிகள்) அந்த ஒரு கீக்கு மட்டும் டிக்ரிப்ட் சேர்த்து, கீயின் சொந்தப் பாலிசியும் அதை அனுமதிக்கிறது என்று பார்த்தால் வேலை முடிந்தது.

அவர் செய்தது வேறு. சர்வர் ரோலுக்கு முழு அட்மின் பாலிசியை மாட்டினார். ஸ்கிரீன் ஷேரில் ஃபைல் திறந்தது. நம்பியது அந்த நொடியில்தான். நன்றி சொல்லி, தளத்தில் பிடித்து வைத்திருந்த பணத்தையும் விடுவித்தாயிற்று. அவருக்கென்று உருவாக்கிய அட்மின் யூசரைப் பற்றிக் கேட்டதற்கு, “நானே எடுத்துட்டேன் சார், லாகின் பண்ணிப் பாருங்க, உள்ள போகாது” என்றார். உண்மையிலேயே உள்ளே போகவில்லை. ஏனென்றால் அவர் எடுத்தது பாஸ்வேர்டை மட்டும். யூசரும் அதன் ஆக்சஸ் கீயும் (பாஸ்வேர்ட் இல்லாமல் புரோகிராம் வழியாக உள்ளே போகும் சாவி) உயிரோடு இருந்தன. பாஸ்வேர்டை நீக்கினாலும் ஆக்சஸ் கீ வேலை செய்துகொண்டே இருக்கும்.

மூன்று வாரம் கழித்து, தொட்டே பார்க்காத மூன்று ரீஜன்களில் (வெவ்வேறு இடங்களில் உள்ள கிளவுட் மையங்கள்) ஒன்பது ஜிபியு மெஷின்கள், அதாவது கனமான கணக்கீட்டுக்கான கணினிகள். கன்சோலில் மெஷின் பட்டியல் ஒரு நேரத்தில் ஒரு ரீஜனைத்தான் காட்டும், அதனால் பில் ஏறும்வரை கண்ணில் படவில்லை. ஆடிட் லாகைத் (கணக்கில் யார் என்ன செய்தார் என்ற பதிவு) திறந்தால் ஒன்பதையும் கிளப்பியது அவருடைய ஆக்சஸ் கீ. கீயை அழித்து, மெஷின்களை நிறுத்திய ஆறே மணி நேரத்தில் மறுபடி முளைத்தன! இந்த முறை வந்தது ஒரு ரோல் வழியாக. ‘பேக்கப்’ என்று அப்பாவிப் பெயர், அதை யார் பயன்படுத்தலாம் என்று சொல்லும் டிரஸ்ட் பாலிசியில் யாருடையது என்றே தெரியாத ஒரு வெளிக் கணக்கு எண். உருவாக்கிய தேதி அவர் வேலை செய்த அதே நாள்.

அவரிடம் கேட்டால், “உங்க சைடுலதான் கீ லீக் ஆகியிருக்கும்.” எப்படி லீக் ஆகும்? ஆக்சஸ் கீயின் ரகசியப் பகுதியை, உருவாக்கும்போது ஒரே ஒரு முறைதான் திரையில் காட்டும். உருவாக்கியவர் அவர், அவருடைய கணினியில். நம் கைக்கு அது வரவே இல்லை. இதை எழுதியதும் பதில் நின்றுவிட்டது. தளத்திடம் போனால், வேலையை ஏற்றுக்கொண்டு பணத்தை விடுவித்தாயிற்று, புகார் தரும் காலமும் முடிந்துவிட்டது என்று இரண்டு வரி. லாகை இணைத்து மறுபடி அனுப்பினால் அதே இரண்டு வரி, வேறு பெயரில். கிளவுட் சேவையோ, யாருக்கு என்ன அனுமதி கொடுப்பது என்பது வாடிக்கையாளர் பொறுப்பு, மெஷின் ஓடியது ஓடியதுதான் என்கிறது. ஆக 3,870 டாலரும் நம் தலையில்.

படிப்படியாகச் செக்லிஸ்ட் எழுதத்தான் நினைத்தேன், இப்போது முடியவில்லை. அவசரமானவை மட்டும்:

403 வந்தால் பிழைச் செய்தியைக் கடைசி வரை படியுங்கள். அனுமதி இல்லாததாலா, எங்கேயோ வெளிப்படையான ‘டினை’ இருப்பதாலா என்று பெரும்பாலும் அதிலேயே இருக்கும். டினை இருந்தால் எத்தனை அலவ் போட்டாலும் ஜெயிக்காது.

வெளியாளுக்கு அட்மின் தராதீர்கள். பாலிசிகளைப் பார்க்க மட்டும் அனுமதி போதும். என்ன மாற்ற வேண்டும் என்று அவர் எழுதித் தரட்டும், மாற்றுவது நீங்கள்.

வேலை முடிந்த அன்றே யூசர், ஆக்சஸ் கீ, எல்லா ரோல்களின் டிரஸ்ட் பாலிசி, எல்லா ரீஜன்கள், நான்கையும் பாருங்கள். தெரியாத ரோல் இருந்தால் டிரஸ்டை மாற்றினால் மட்டும் போதாது. ஏற்கெனவே வாங்கிய தற்காலிக டோக்கன் (நுழைவுச் சீட்டு) 12 மணி நேரம் வரைகூட ஓடலாம், ஆக்டிவ் செஷன்களையும் ரத்து செய்யுங்கள்.

பட்ஜெட் அலர்ட் வையுங்கள். அது தகவல்தான் சொல்லும், அதுவும் பல மணி நேரம் தாமதமாக. தானாக எதையும் நிறுத்தாது.

இதெல்லாம் பார்த்து முடியும்வரை அந்தத் தளத்தில் பணத்தை விடுவிக்காதீர்கள்.