83 கார்ட்ரிட்ஜிலிருந்து 61: கேம்பாய் சேகரிப்பில் இரட்டைகளைக் கழித்த மூன்று வருடம்

கேம்பாய் என்பது நிண்டெண்டோவின் கையடக்க கேம் கருவி; அதில் செருகி ஆடும் கேம் அட்டைதான் கார்ட்ரிட்ஜ். என்னிடம் இருக்கும் கார்ட்ரிட்ஜ்களில் பாதி பாரிஸிலிருந்து வந்தவை. சித்தி குடும்பம் லீவுக்குப் புதுச்சேரி வரும்போதெல்லாம், அண்ணன் ஆடி முடித்ததை என்னிடம் கொடுத்துவிட்டுப் போவார். மீதி, காந்தி வீதி சண்டே மார்க்கெட்டில் பழைய சார்ஜர், ரிமோட் குவியலுக்குள் கிளறி எடுத்தவை. 2022-ல் எண்ணிப் பார்த்தேன், மொத்தம் 83. ஒரே கேம் இரண்டு, மூன்று என்று கிடந்தது. எதுவும் ஒன்றுக்கு மேல் வேண்டாம் என்று முடிவு செய்தேன்.

முதலில் லேபிளைப் பார்த்துப் பிரித்தேன். அதுதான் தப்பு. சூப்பர் மரியோ லேண்ட் 2 இரண்டு இருந்ததால், லேபிள் கிழிந்ததைப் பக்கத்து வீட்டுப் பையனுக்குக் கொடுத்துவிட்டேன். அடுத்த லீவில் வந்த அண்ணன், "நான் ஆடினது அதுலதானேடா இருந்துச்சு?" என்று கேட்டார். சின்ன வயதில் அவர் சேவ் செய்து வைத்திருந்த ஆட்டம். அந்த கேமில் சேவ் செய்ய மூன்று இடம் உண்டு. மூன்றிலும் பையன் புது ஆட்டம் தொடங்கியிருந்தான். அது எனக்கு இன்னும் உறுத்துகிறது.

அப்புறம்தான் ஜிபிஎக்ஸ்கார்ட் ஆர்டபிள்யூ என்ற சின்னக் கருவியை வாங்கினேன். யூஎஸ்பியில் கம்ப்யூட்டரோடு இணைத்து, கார்ட்ரிட்ஜைச் செருகினால், ஃப்ளாஷ்ஜிபிஎக்ஸ் என்ற இலவச மென்பொருள் கேமையும் சேவ் ஃபைலையும் தனித்தனியாகப் படித்துக் கொடுக்கும். படித்த கேமின் எஸ்எச்ஏ-1 எண்ணை, அதாவது ஃபைலின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் கைரேகை போன்ற எண்ணை, அசல் கேம்களின் எண்களைத் தொகுத்து வைத்திருக்கும் நோ-இன்ட்ரோ பட்டியலோடு ஒப்பிடுவேன். ஒரு பைட் மாறியிருந்தாலும் எண் வேறாக வரும்.

லேபிள் எவ்வளவு ஏமாற்றும் என்பது அப்போதுதான் புரிந்தது. அண்ணனின் டெட்ரிஸ் லேபிளில் குறியீடு எஃப்ஏஎச் என்று முடியும். அது பிரான்ஸ், ஹாலந்து நாடுகளுக்கானது. சந்தையில் வாங்கியதில் யுஎஸ்ஏ என்று இருந்தது. ஆனால் இரண்டின் உள்ளேயும் அதே 32 கேபி, ஒரு வித்தியாசமும் இல்லை. சூப்பர் மரியோ லேண்டில் நேர்மாறு: லேபிள் ஒன்றுபோல இருந்த இரண்டில், ஒன்று முதல் பதிப்பு, மற்றது திருத்திய பதிப்பு. "ரெண்டும் ஒண்ணுதானே தம்பி, எதுக்கு ரெண்டு?" என்று கடைக்காரர் கேட்டதும் நியாயம்தான். வெளியே பார்த்தால் தெரியாது.

லிங்க்ஸ் அவேக்கனிங் ஆங்கிலத்திலும் பிரெஞ்சிலும் வைத்திருக்கிறேன். கதையே வசனத்தில் நடக்கும் கேம் அது, எனவே இரட்டையாக எண்ணவில்லை. பிரெஞ்சு படிக்கும் அக்கா மகள் அதைத்தான் ஆடுகிறாள். திருத்தம் மட்டும் மாறியிருந்தால் புதியதை வைத்துக்கொள்வேன். எண் அப்படியே பொருந்தினால், பழைய சேவ் இருப்பதற்குத்தான் முதல் இடம். லேபிள் அழகெல்லாம் கடைசி.

ஒரு எச்சரிக்கை. எங்கள் வீடு குருசுக்குப்பத்தில், கடலுக்குப் பக்கம். உப்புக் காற்றில் கார்ட்ரிட்ஜின் அடியில் இருக்கும் உலோகப் பின்கள் மங்கிவிடும், மங்கினால் கருவி தப்பாகப் படிக்கும். பட்டியலில் இல்லாத எண் வந்ததும் ஏதோ அபூர்வப் பதிப்பு கிடைத்துவிட்டது என்று இரண்டு முறை துள்ளியிருக்கிறேன். ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் பட்ஸை நனைத்துத் துடைத்ததும் சாதாரண எண்ணே வந்தது. இப்போது எதையும் இரண்டு தடவை படித்து, இரண்டும் ஒத்துப்போனால்தான் நோட்டில் எழுதுவேன். பிறகு ஜிப் கவரில் போட்டு, சிலிக்கா ஜெல்லோடு மூடி இறுக்கமான டப்பாவில் வைப்பேன். பழைய கேம்பாயின் நான்கு பென்சில் பேட்டரியையும் ஆடி முடித்ததும் கழற்றிவிட வேண்டும். கசிந்தால் உள்ளே இருக்கும் தகடுகளை அரித்துவிடும்.

போலிகள் தனிக்கதை. என்னிடம் இருந்த போகிமான் எமரால்டு மூன்றில் இரண்டு போலி. அசலில் தங்க நிறப் பின்களுக்கு மேலே போர்டில் நிண்டெண்டோ என்று அச்சிட்டிருக்கும், கீழிருந்து எட்டிப் பார்த்தாலே தெரியும். அசலில் பேட்டரி தீர்ந்தால் கடிகாரம்தான் நிற்கும், சேவ் போகாது. என் போலி ஒன்று இருபது மணி நேர ஆட்டத்தை ஒரே நாளில் தொலைத்தது.

2024 நவம்பரில் ஃபெஞ்சல் புயல் வந்தபோது டப்பா பரணில் இருந்ததால் தப்பியது. மேசை மேல் வைத்த நோட்டு நனைந்து மை கரைந்துவிட்டது. பட்டியல் இப்போது ஸ்ப்ரெட்ஷீட்டில் இருக்கிறது, சேவ் ஃபைல்கள் இரண்டு இடத்தில்.

கணக்கு: 14 உண்மையான இரட்டை, 8 போலி, மீதி 61. கருவியின் விலை கொஞ்சம் யோசிக்க வைக்கும். ஆனால் ஐம்பதுக்கு மேல் சேர்த்தவர்கள் தயங்காமல் வாங்கலாம். பத்துப் பதினைந்துதான் இருக்கிறது என்றால் நோட்டும் பட்ஸும் போதும்.

பக்கத்து வீட்டுப் பையன் இன்னும் அந்த மரியோவை ஆடுகிறான். போன மாதம் அதை வாங்கி, அவனுடைய மூன்று ஆட்டங்களையும் நகல் எடுத்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தேன்.