ஆல்ஜினேட்டா சிலிக்கானா? பைக்ல எடுத்துட்டுப் போற அச்சு வேலைக்கு

செங்கோட்டை, புளியரை பக்கம் வீடு வீடா போய் தாத்தா பாட்டி கைய அச்செடுக்கணும்னா என் ஓட்டு ஆல்ஜினேட்டுக்குத்தான், கடல்பாசில இருந்து வர்ற பவுடர், பல் டாக்டருங்க பல் அச்செடுக்க யூஸ் பண்றதுதான், தண்ணி ஊத்திக் கலக்குனா சில நிமிஷத்துல இறுகிடும், சில்லுனு தண்ணி ஊத்துனா கொஞ்சம் கூடுதலா டைம் கிடைக்கும். ஆனா காயக் காய சுருங்கும், அதனால அங்கயே உடனே பிளாஸ்டர் ஊத்திடணும், பெரும்பாலும் ஒரு அச்சுக்கு ஒரு வார்ப்புதான்.

சிலிக்கான், அதாவது ரப்பர் மாதிரி இறுகுற அச்சுப் பொருள், விலை ஜாஸ்தி. டின் கியூர் வகை (வெள்ளீயச் சேர்மம் கலந்து இறுக வைக்கிறது) இறுக பல மணி நேரம் ஆகும், தோல்ல போடவே கூடாது. மரக்கதவு செதுக்கல், பழைய விளக்குன்னா அதுதான் சரி, ஒரே அச்சுல பல தடவ ஊத்தலாம், அதுவும் வீட்டுக்கு வந்து நிதானமா.

சாரல் சீசன்ல பிளாஸ்டர் பைய இறுக்கிக் கட்டுங்க, ஈரம் குடிச்சா சரியா இறுகாது, எனக்கு ஒரு மூட்டையே போச்சு.