கோப்பு இருக்கிறது, ஆனால் ஏறாது: ஓபிஎஸ் பிளகின்களோடு ஆறு வருடம்

கொட்டாஞ்சேனையில் இருந்துகொண்டு கல்யாணம், கோயில் திருவிழா என்று நேரலை போடுவது என் தொழில். கனடாவில் இருக்கும் சித்தப்பாக்கள் தாலி கட்டுவதைப் பார்க்க வேண்டுமே! அதற்கு எனக்கு ஆறு வருடமாக ஓபிஎஸ் ஸ்டூடியோ என்ற நேரலை மென்பொருள்தான். இலவசம், பழைய மடிக்கணினியிலும் ஓடும். தலையிடி தருவது மேலதிக வசதிகளுக்காக அதோடு சேர்க்கும் சிறு மென்பொருளான பிளகின் மட்டும்தான்.

2022 செப்டம்பரில் 28ஆம் பதிப்புக்கு மாறினேன். மறுநாள் காலை முகூர்த்தம். கமெராக்களைத் தானாக மாற்றிக்கொடுக்கும் பிளகின் மெனுவிலேயே இல்லை. ஓபிஎஸ் நடந்ததையெல்லாம் பதியும் லொக் கோப்பைத் திறந்தால், 'குறிப்பிட்ட மொடியூல் கிடைக்கவில்லை' என்று பிழை எண் 126உடன் ஒரு வரி. போல்டரிலோ பிளகினின் டிஎல்எல் கோப்பு கல்லுப் போலக் குந்திக்கொண்டிருக்கிறது! பென் டிரைவில் இருந்த பழைய இன்ஸ்டோலரால் மூன்று தரம் போட்டுப் பார்த்தேன். பிறகு யூனிட்டி பிளாசாவில் கடை வைத்திருக்கும் அண்ணைக்கு போன் எடுத்தேன்.

"தம்பி, அந்தக் கோப்பு இல்லையெண்டு அது சொல்லேல்லை. அதுக்குத் துணைக்கு வரவேண்டிய ஆள் இல்லையெண்டுதான் சொல்லுது."

உண்மைதான். ஜன்னல், பொத்தான்களைத் திரையில் காட்ட ஓபிஎஸ் பயன்படுத்துவது கியூடி என்ற நூலகங்களை, அதாவது மென்பொருள்கள் துணைக்கு அழைக்கும் ஆயத்த நிரல் கோப்புகளை. 28இல் அது கியூடி 5ஐ விட்டு கியூடி 6க்குப் போய்விட்டது. என் பழைய பிளகின் கியூடி 5 நூலகங்களையே தேடிக்கொண்டிருந்தது. பிளகினின் புதிய பதிப்பை இறக்கிப் போட்டதும் சரி. காணாமல் போன டிஎல்எல்லை ஏதோ ஒரு தளத்தில் இறக்கிப் போடும் வேலைக்கு மட்டும் நான் போவதில்லை.

அன்றிலிருந்து 'டிப்பென்டன்சீஸ்' என்ற இலவசக் கருவி கைவசம். பிளகின் கோப்பை இழுத்துப் போட்டால் அது கேட்கும் நூலகங்களைப் பட்டியல் போட்டு, கிடைக்காதவற்றைக் காட்டும். ஆனால் அப்படியே நம்பக் கூடாது. ஓபிஎஸ்ஸின் சொந்த நூலகங்கள் வேறு போல்டரில் இருப்பதால் அவற்றையும் 'இல்லை' என்று காட்டிவிடும். முதல் தடவை அதில் ஒரு மணித்தியாலம் வீண். அவற்றைக் கழித்துவிட்டுப் பார்த்தால், பெரும்பாலும் பல மென்பொருள்களுக்கும் தேவைப்படும் மைக்ரோசொப்டின் விஷுவல் சி++ ரன்டைம் நூலகங்கள் இல்லாததுதான் மிச்சம்.

126 இல்லாமல் 127 வந்தால் கதை வேறு: நூலகம் இருக்கிறது, கேட்ட செயல்கூறு அதற்குள் இல்லை, அதாவது பதிப்புப் பொருந்தவில்லை. 193 என்றால் 32, 64 பிட் குழப்பமாக இருக்கும். ஓபிஎஸ் 30ஆம் பதிப்பில் வந்த பாதுகாப்பு முறை (சேஃப் மோட்) எனக்குப் பெரிய ஆறுதல். வெளிப் பிளகின்களை எல்லாம் விட்டுவிட்டுத் திறக்கும், குற்றவாளி யாரென்று அரை நிமிடத்தில் தெரியும்.

இப்போதும் ஓபிஎஸ்தான். பதிப்பு மாற்றுவது மட்டும் முகூர்த்தமே இல்லாத மார்கழியில்.