சினெத்ரோனா, யூடியூபா?

இந்தோனேசியாவில் மாலையானால் ஆர்சிடிஐ, எஸ்சிடிவி சேனல்களில் சினெத்ரோன் எனப்படும் டிவி தொடர்கள்தான். அன்றன்றைக்கு எடுத்து உடனே ஒளிபரப்பும் அவசரம். ரேட்டிங் விழாதவரை கதையை இழுப்பார்கள். குடும்பத்தோடு உட்கார்ந்து பார்க்க இன்னும் அதுதான் வசதி.

சரி, யூடியூபுக்கு வருவோம். 2018-இல் எடுத்த ‘திலிக்’ குறும்படம் 2020 ஆகஸ்டில் அங்கே வெளியானது. சுமார் அரை மணி நேரம். மருத்துவமனையில் இருக்கும் ஊர்த் தலைவியைப் பார்க்க லாரியில் நின்றபடியே போகிறார்கள் கிராமத்துப் பெண்கள். வழிநெடுக பு தெஜோ என்ற அம்மா வாய் ஓயாமல் ஊர்வம்பு அளக்கிறார், அதுவும் தேசிய மொழியில் அல்ல, உள்ளூர் ஜாவா மொழியில்! பார்வைகள் கோடியைத் தாண்டின. ஜகார்த்தா சேனல்களின் பிரைம் டைமில் இதற்கு எங்கே இடம்?

யூடியூபிலும் பிராங்க் குப்பை ஏராளம். இருந்தாலும் உள்ளூர்ப் பேச்சைக் கேட்க ஆசைப்படுகிறவர்கள் தாராளமாக யூடியூப் பக்கம் போகலாம்.