ட்வைலைட் படிச்சேன், பாதி புக்கு சூப்பர், மீதி பாதி அவசரக் கோலம்

அக்கா பொண்ணு லீவுக்கு பெங்களூர் அல்சூர் வந்திருந்தா, சித்தி எனக்கு வேம்பயர் புக்கு வேணும்னு ஒரே அடம். சரின்னு மெட்ரோ புடிச்சு ரெண்டாவது ஸ்டேஷன் எம்.ஜி. ரோட்ல இறங்கி சர்ச் ஸ்ட்ரீட் ப்ளாசம் புக்குக் கடைல போய் பழைய காப்பியா ட்வைலைட் வாங்கிக் குடுத்தேன். அவ ரெண்டு நாள்ல முடிச்சுத் தூக்கிப் போட்டா, நான் சும்மா புரட்டுவோம்னு எடுத்தவ ராத்திரி ரெண்டு மணி வரைக்கும் லைட்ட அணைக்கல.

இத எழுதின ஸ்டெஃபனி மேயர் 2003 ஜூன்ல ஒரு கனவு கண்டாங்களாம், காட்டுக்குள்ள ஒரு புல்வெளி, ஒரு பொண்ணு, வெயில்ல மினுமினுன்னு மின்னுற ஒரு வேம்பயர், அதான் ரத்தக்காட்டேரி, பையன். மூணு பசங்கள வச்சுக்கிட்டு அந்த சீனை மட்டும் மறக்கக்கூடாதுன்னு மொதல்ல எழுதிட்டாங்க, அதான் இப்போ 13வது சேப்டர். அங்கேருந்து முடிவு வரைக்கும் போய்ட்டு, அப்புறம்தான் ஆரம்பத்துக்கு வந்து முன்கதைய எழுதி ஒட்டியிருக்காங்க. மூணு மாசத்துல முடிஞ்சுது, 2005ல புக்கா வந்துச்சு.

இது தெரிஞ்சு படிச்சா ஒட்டுப்போட்ட இடம் நல்லாவே தெரியுது. மொத பாதில கேன்டீன்ல ஒரு பார்வை, பயாலஜி கிளாஸ்ல அந்தப் பையன் மூஞ்சியத் திருப்பிக்கிட்டு உக்கார்றது எல்லாமே அந்தப் புல்வெளிய நோக்கித்தான் நகருது, எங்க போய் நிக்கணும்னு அவங்களுக்குத் தெரியும்ல. புல்வெளி தாண்டினதும் பேஸ்பால் ஆடிட்டு இருக்கும்போது வில்லன் பொத்துனு வந்து குதிக்கிறான், அதுவரைக்கும் அப்படி ஒருத்தன் இருக்கறதுக்கு பெருசா அறிகுறியே இல்ல. எனக்கு அங்கதான் சப்புனு ஆயிடுச்சு.

ஆனா ஒண்ணு சொல்லணும். எங்க பாட்டி சொன்ன பேயெல்லாம் உச்சி வெயில்ல புளியமரத்தடில புடிக்கிற பேய், இவங்க வேம்பயர் வெயில் வந்தா வெளியவே வராது. எரிஞ்சு சாம்பல் ஆகும்னு இல்ல, மின்னி மாட்டிக்கும்னு! அந்த ஒரே ரூலுக்காக அமெரிக்காலயே ரொம்ப மழை பெய்யற ஊர் எதுன்னு கூகுள்ல தேடி ஃபோர்க்ஸ்னு ஒரு நெஜ ஊரப் புடிச்சிருக்காங்க, போய்ப் பாக்காமலே எழுதினது. ஒரு ரூல், அதுலேருந்து ஊரு, மேகம், யாரு எப்போ ஸ்கூலுக்கு லீவு போடுவாங்கங்கற வரைக்கும் எல்லாம் தானா வருது. ஃபேன்டசி எழுதணும்னு நெனைக்கிறவங்க இதக் கத்துக்கலாம். மனுஷ ரத்தத்தத் தொடாம பூமா, கரடி ரத்தம் மட்டும் குடிச்சிட்டு நாங்க வெஜிடேரியன்னு சொல்லிக்கறத மயிலாப்பூர் மாமி யாராவது கேட்டா என்ன ஆகும்னு நெனச்சு சிரிச்சேன்.

ராத்திரி கதைல வர்ற பொண்ணு தூங்கும்போது அந்த வேம்பயர் பையன் சொல்லாம ரூமுக்குள்ள வந்து பாக்கறது எனக்குப் புடிக்கல, பத்தாவது படிக்கிற அக்கா பொண்ணுகிட்ட அதப் பத்தி உக்காந்து பேசவும் செஞ்சேன். அவ 'தெரியும் சித்தி, கதைதானே'ன்னுட்டா. அஞ்சுக்கு மூணு குடுப்பேன்.

போன வாரம் ரெண்டாவது பார்ட் நியூ மூனும் வாங்கினோம். நடுவுல அக்டோபர், நவம்பர், டிசம்பர், ஜனவரின்னு மாசப் பேரு மட்டும் போட்டு பக்கம் பக்கமா காலியா கெடக்கு, அடடா டேமேஜ் பீஸ் தலைல கட்டிட்டாங்கடி, பில்லு எங்க, மாத்திட்டு வரலாம்னேன். அவ தலைய நிமிர்த்தாமலே, 'சித்தி, அவன் வுட்டுட்டுப் போயிட்டான்ல, அதான்'னா.