இ74 பக்கமும் நானும்: ஒரு மெடிக்கல் கோடரின் நீண்ட கால அனுபவம்

கார்போஹைட்ரேட் வளர்சிதை மாற்றக் கோளாறு என்று சொன்னதும் மெடிக்கல் கோடிங்குக்கு (சார்ட்டில், அதாவது நோயாளியின் மருத்துவக் குறிப்பில், உள்ள நோயைக் குறியீட்டு எண்ணாக மாற்றும் வேலை) புதிதாக வருகிறவர்கள் நேரே சர்க்கரை நோய்க்குப் போய் நிற்பார்கள். ஐசிடி என்கிற நோய்க் குறியீட்டுப் பட்டியலில் சர்க்கரை நோய் இ08 முதல் இ13 வரை (இ என்பது ஆங்கில E) தனியாக இருக்கிறது. நான் எழுத வந்தது இ73, இ74 பற்றி. லாக்டோஸ் செரியாமை (இன்டாலரன்ஸ்), கிளைகோஜன் சேமிப்பு நோய்கள், காலக்டோஸ் சர்க்கரையை உடல் கையாள முடியாத காலக்டோசீமியா, ஃப்ரக்டோஸ் கோளாறுகள் எல்லாம் குடியிருக்கும் இடம் இதுதான். அமெரிக்க சார்ட்டுகளைக் கோடிங் செய்கிற வேலையில் ஐசிடி-9 காலத்திலிருந்தே இருப்பதால், இந்தப் பக்கம் வளர்ந்த விதத்தைக் கூடவே இருந்து பார்த்திருக்கிறேன்.

ஐசிடி-9-இல் எல்லாமே 271-க்குள் அடக்கம். கிளைகோஜன் சேமிப்பு நோய்களில் பாம்பே (Pompe) நோயானாலும் மெக்கார்டில் நோயானாலும் 271.0 என்று போட்டுவிட்டு அடுத்த சார்ட்டுக்குப் போய்விடலாம். வேலை சுலபம், தகவல் பூஜ்யம். 2015 அக்டோபர் 1-இல் ஐசிடி-10-சிஎம் நடைமுறைக்கு வந்தபோது வான் கியர்க்கேக்கு இ74.01, பாம்பேக்கு இ74.02, கோரிக்கு இ74.03, மெக்கார்டிலுக்கு இ74.04 என்று பிரித்தார்கள். இந்த மாற்றத்துக்கு என் முழு மதிப்பெண் உண்டு.

ஆனால் பிரித்த பிறகுதான் சிக்கலே ஆரம்பம். ஒரே நோயை ஒரு மருத்துவர் கண்டுபிடித்தவர் பெயரால் எழுதுவார், இன்னொருவர் டைப் எண்ணால் எழுதுவார், மரபியல் நிபுணர் என்சைம் பெயரால் எழுதுவார். ஆசிட் ஆல்ஃபா குளுக்கோசிடேஸ் குறைபாடு என்று இருந்தால் அது பாம்பே என்று நமக்குத்தான் தெரிந்திருக்க வேண்டும். ரோமன் எண்கள் இன்னொரு தலைவலி. நான்குக்கும் (IV) ஐந்துக்கும் (V) ஒரு குச்சிதான் வித்தியாசம். கையெழுத்திலோ மங்கலான ஸ்கேனிலோ அந்தக் குச்சி காணாமல் போனால், இ74.09-க்குப் போக வேண்டிய ஆண்டர்சன் நோய் (டைப் 4), மெக்கார்டிலுக்கான (டைப் 5) இ74.04-க்குப் போய்விடும். ஒன்று குழந்தையின் கல்லீரலைக் கெடுப்பது, மற்றது உடற்பயிற்சியின்போது தசையைப் பிடித்து இழுப்பது. சார்ட்டில் கல்லீரல் பற்றிப் பேசுகிறார்களா, தசை பற்றிப் பேசுகிறார்களா என்று பார்த்தாலே சந்தேகம் வந்துவிடும். வந்தால் ஊகிக்காமல் மருத்துவரிடமே விளக்கம் கேட்டு க்வெரி அனுப்ப வேண்டியதுதான்.

டானோன் என்கிற நோய் இதைவிட மோசமான பொறி. பழைய குறிப்புகளில் அதை டைப் 2பி என்று எழுதியிருப்பார்கள். டைப் 2 என்றால் பாம்பே என்பதால் கை தானாக இ74.02-க்குப் போகும். டானோனில் குறைவது எல்ஏஎம்பி2 என்கிற புரதம், பாம்பேயின் என்சைம் அங்கே சரியாகவே இருக்கும். 2023 அக்டோபரில் இதற்கென்று இ74.05 வந்தது. வந்து இவ்வளவு நாளாகியும், ஃபாலோ-அப் சார்ட்டுகளில் பழைய கோடு அப்படியே காப்பி ஆகி வருவதைப் பார்க்கிறேன்.

பாம்பேயில் இதயத் தசை பாதிப்பும் இருந்தால் ஐ43 (I43, வேறு நோயால் வரும் இதயத் தசை பாதிப்புக்கான கோடு) சேர்க்க வேண்டும். ஐ43 முதலில் வரவே கூடாது. மூல நோய்க்கான இ74.02 முன்னால், ஐ43 பின்னால். கோடு தேடித் தரும் சில என்கோடர் மென்பொருள்கள் இந்த வரிசை தவறினால் எச்சரிக்கின்றன, சில சும்மா விட்டுவிடுகின்றன. மென்பொருளை நம்பி, கோடுகளும் குறிப்புகளும் வரிசையாக இருக்கும் டேபுலர் பக்கத்தைப் படிக்காமல் விடாதீர்கள்.

அப்புறம் எக்ஸ்க்ளூட்ஸ் 1, அதாவது இந்தக் கோடுடன் சேர்த்துப் போடக் கூடாதவற்றைச் சொல்லும் குறிப்பு. இ74-இன் தலையிலேயே சர்க்கரை நோய், குறிப்பிடப்படாத ஹைப்போகிளைசீமியா (இரத்தச் சர்க்கரை தாழ்வு, இ16.2) இரண்டையும் விலக்கி வைத்திருக்கிறார்கள். வான் கியர்க்கே குழந்தைக்குச் சர்க்கரை தாழ்ந்து போவது அந்த நோயின் இயல்பே, ஆகவே கூடவே இ16.2 போடக் கூடாது என்பது நியாயம். ஆனால் மெக்கார்டில் உள்ள ஒருவருக்கு ஐம்பது வயதில் டைப் 2 சர்க்கரை நோய் வந்தால்? இரண்டும் சம்பந்தமில்லாத நோய்கள் என்றால் இரண்டையும் போடலாம் என்று வழிகாட்டு விதியே விலக்கு தருகிறது. மென்பொருளின் சரிபார்ப்பு (எடிட்) சிவப்பு காட்டுகிறது என்பதற்காக ஒன்றை அழித்துவிடுகிற பழக்கம் பல டீம்களில் இருக்கிறது. அது தவறு.

சிறுநீரில் சர்க்கரை விஷயமும் வேடிக்கையானது. பரம்பரையாகச் சிறுநீரில் சர்க்கரை போகும் ரீனல் கிளைகோசூரியா 2020 அக்டோபரிலிருந்து இ74.818. அதே அக்டோபரில்தான் குளுக்கோஸைக் கடத்தும் புரதமான குளூட்1-இன் குறைபாட்டுக்கும் இ74.810 கிடைத்தது. சர்க்கரை நோய்க்குத் தரும் எஸ்ஜிஎல்டி2 மாத்திரை சாப்பிடுகிறவர்கள் எல்லோருக்கும் சிறுநீரில் சர்க்கரை போகும். அந்தப் பரம்பரைக் கோளாறில் எந்த வழி அடைபட்டிருக்கிறதோ அதையேதான் மாத்திரையும் அடைக்கிறது. லேப் ரிப்போர்ட்டைப் பார்த்துவிட்டு இ74.818 போட்டால் ஒரு மருந்தின் வேலையைப் பரம்பரை நோயாக எழுதி வைத்ததாகிவிடும்.

காலக்டோசீமியாவில் கவனிக்க வேண்டியது நேரம். பிறந்த குழந்தைக்கு ஸ்கிரீனிங்கில் பாசிட்டிவ் என்றால் அது இன்னும் நோய் அல்ல. அவுட்பேஷன்ட் விதிப்படி சந்தேகத்தைக் கோடு செய்ய முடியாது. உறுதியாகும் வரை பி09.1 (P09.1, பிறந்த குழந்தையின் ஸ்கிரீனிங்கில் வரும் மாறுபட்ட முடிவுக்கான கோடு), உறுதியான பிறகே இ74.21. காலக்டோகைனேஸ் குறைபாடு என்றால் இ74.29. லாக்டோஸ் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. பால் அலர்ஜியும் லாக்டோஸ் செரியாமையும் ஒன்றல்ல என்பதை நினைவில் வைத்தால் இ73 தொல்லை தராது.

என் குறை இரண்டு. இ74.4 ஒரே கோடாக நிற்கிறது. பைருவேட் டிஹைட்ரஜனேஸ் குறைபாடும் பைருவேட் கார்பாக்சிலேஸ் குறைபாடும் அதற்குள்ளேயே. மூளையைப் பாதிக்கும் லீ சிண்ட்ரோம் என்று எழுதியிருந்தாலோ ஜி31.82-க்கு (G31.82) துரத்துகிறார்கள். இரண்டாவது இ74.09. சிறு வயதிலேயே கல்லீரலைச் சுருக்கிவிடக்கூடிய டைப் 4-உம், பெரும்பாலும் மிதமாகவே போகும் டைப் 6-உம் ஒரே எண்ணில். பிற்பாடு இந்தத் தரவை வைத்து யாராவது ஆராய்ச்சி செய்தால் எதைப் பிரித்தெடுப்பார்கள்?

புதுக் கோடு வேண்டுமென்றால் ஆண்டுக்கு இரண்டு முறை, மார்ச்சிலும் செப்டம்பரிலும் கூடுகிற, ஐசிடி-10-சிஎம்மைப் பராமரிக்கும் அமெரிக்கக் கமிட்டிக்கு யார் வேண்டுமானாலும் முன்மொழிவு அனுப்பலாம். இ74.09-ஐ உடைக்க யாராவது அனுப்பும் வரை, எங்கள் டீமில் அந்தக் கோடு போடும்போதெல்லாம் டைப் எண்ணையும் என்சைம் பெயரையும் கோடரின் குறிப்புப் பகுதியில் எழுதி வைக்கச் சொல்லியிருக்கிறேன். கிளெய்முக்கு அது தேவைப்படாது, ஆடிட்டில் யாரும் கேட்கவும் மாட்டார்கள். ஆனால் கோடு பிரிகிற அன்று சார்ட்டை மறுபடி முதலிலிருந்து தோண்ட வேண்டியிருக்காது.