லென்ஸா, செபால்டா: முதலில் யாரை வாசிப்பது?

'ஹைமாட்' என்ற ஜெர்மன் சொல்லை ஆங்கிலத்தில் கொண்டுவரப் படாத பாடு படுகிறார்கள். நமக்கு அந்தக் கஷ்டம் இல்லை, 'ஊர்' இருக்கிறது. அந்த ஊர் கையைவிட்டுப் போவதைப் பற்றி எழுதியவர்களில், ஜெர்மன் எழுத்தாளர்களான ஜீக்ஃப்ரீட் லென்ஸ், டபிள்யூ. ஜி. செபால்ட் இருவரிடமும் நான் திரும்பத் திரும்பப் போகிறேன்.

லென்ஸ் பிறந்தது 1926-இல், அப்போது ஜெர்மனியில் இருந்த கிழக்குப் பிரஷ்யாவின் மசூரியா ஏரிப் பகுதியில், லிக் நகரில். போருக்குப் பின் அது போலந்துக்குப் போய்விட்டது. செபால்ட் பிறந்தது 1944-இல், பவேரியாவின் ஆல்காய் மலைப்பகுதியில், வெர்டாக் கிராமத்தில். அந்த ஊர் இன்றும் ஜெர்மனியில்தான் இருக்கிறது. லென்ஸுக்கு ஊர் போனது, பேச்சு மிஞ்சியது. செபால்டுக்கு ஊர் மிஞ்சியது, அங்கே போரைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை.

லென்ஸ் என்றாலே எல்லோரும் 1968-இல் வந்த 'டாய்ச்ஷ்டுண்டே'யைத்தான் (ஜெர்மன் பாடவேளை) சொல்வார்கள். நல்ல நாவல்தான். ஆனால் ஊரும் நினைவும் என்று வந்தால், 1978-இல் வந்த 'ஹைமாட்மியூசியம்'தான் (ஊர் அருங்காட்சியகம்) அவருடைய பெரிய காரியம். கம்பள நெசவாளர் ஸிக்முண்ட் ரொகல்லா, இழந்த மசூரியாவின் பொருட்களைச் சேர்த்து, வடக்கு ஜெர்மனியில் ஓர் அருங்காட்சியகத்தை மறுபடி எழுப்புகிறார். பிறகு தன் கையாலேயே அதற்குத் தீ வைக்கிறார். தீக்காயத்தோடு ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்தபடி, ஏன் எரித்தேன் என்று சொல்வதுதான் முழுக்கதை. ஊர்ப்பற்றை இன வெறிக்கு ஆதாரமாக்கத் துடிப்பவர்கள் கையில் அந்தப் பொருட்கள் சிக்கக் கூடாது, அவ்வளவுதான் காரணம். 600 பக்கங்களுக்கு மேல் போகும். நடுவில் இழுக்கவும் செய்யும். ஆனால் ஊரை உயிராக நேசிக்கும் ஒருவர் அதன் கடைசிச் சுவடுகளை எரிக்கத் துணிவதை இவ்வளவு நியாயமாகச் சொன்ன நாவலை நான் வேறு பார்த்ததில்லை.

செபால்ட் குரலே உயர்த்துவதில்லை. 1992-இல் வந்த 'டி அவுஸ்கேவாண்டர்டன்' (புலம்பெயர்ந்தவர்கள்) நூலின் இரண்டாம் பகுதியை எடுத்துக்கொள்ளுங்கள். ஊரின் பெயர் 'எஸ்' மட்டும். அவருக்குப் பாடம் சொன்ன பள்ளி ஆசிரியர், 74 வயதில், ரயில் தண்டவாளத்தில் படுத்து உயிரை விடுகிறார். பாதி மங்கிய தண்டவாளப் படம் ஒன்று, விளக்க வரி இல்லாமல் அங்கே நிற்கிறது. உள்ளூர்ப் பத்திரிகையின் இரங்கல் குறிப்பில், ஹிட்லர் ஆட்சி அவரை ஆசிரியர் வேலை பார்க்கவிடாமல் தடுத்தது என்று ஒட்டாமல் ஒரு வரி. ஏன் தடுத்தது? அவருடைய தாத்தாக்களில் ஒருவர் யூதர். பத்திரிகை அதைச் சொல்லவில்லை. சொல்லாமல் விட்ட அந்த ஒரு விஷயத்தைத் தேடித்தான் செபால்ட் புறப்படுகிறார்.

செபால்டிடம் எனக்கு ஒரு மனத்தாங்கல் உண்டு. உண்மையான மனிதர்களின் வாழ்க்கையை எடுத்துக் கற்பனையோடு கலந்துவிடுகிறார். எது யாருடையது என்று பிரிக்கவே முடியாது. பிறருடைய துயரத்தை எழுதும்போது அது சின்ன விஷயம் இல்லை. லென்ஸிடம் அந்தக் குழப்பம் கிடையாது, நாவலை நாவலாகவே தருகிறார்.

அப்படியும், முதலில் செபால்டைத்தான் கையில் கொடுப்பேன். அந்த ஆசிரியர் கதை ஒரே மாலையில் முடிந்துவிடும். அடுத்து, 1990-இல் வந்த 'ஷ்விண்டல். கெஃப்யூலே.' (தலைசுற்றல். உணர்வுகள்.) நூலின் கடைசிப் பகுதி: பல வருஷம் கழித்துச் சொந்த ஊருக்கு நடந்தே வருகிறார், பரண் ஏறுகிறார், அங்கே ஒரு பழைய சிப்பாய்ச் சீருடை மாட்டிய பொம்மை நிற்கிறது. தொங்கும் கையைத் தொடுகிறார். துணி பொடிப்பொடியாக உதிர்கிறது. அதைப் படித்துவிட்டு ரொகல்லாவின் தீயிடம் போங்கள்.